சந்தேகத்தோடு சேர்த்து ஒரு வீடு

டைப்பிஸ்ட்: ...அந்த ஓரத்துல உட்காராதீங்க சார், பெஞ்சு ஆடும். இப்படித் தள்ளி வாங்க.

கண்ணாடிக்காரர்: காலுக்குக் கீழ ஒரு பேப்பர் மடிச்சு வெச்சிருந்தோமே?

டைப்பிஸ்ட்: பெருக்குறப்போ போயிருக்கும். அது நம்ம கேஸ் நோட்டீஸ்தான். எட்டா மடிச்சா சரியா நின்னுச்சு.

கண்ணாடிக்காரர்: ஒன்பது வருஷத்துல அந்த நோட்டீஸ் செஞ்ச ஒரே நல்ல காரியம்.

டைப்பிஸ்ட்: மெதுவா... உங்க வக்கீல் அந்தத் தூண்கிட்ட நிக்கிறார். எதிர்த்தரப்போட பேசக் கூடாதுன்னு போன தடவையே உங்களைத் திட்டினார்.

கண்ணாடிக்காரர்: உங்க வக்கீல் மட்டும் உங்களைக் கொஞ்சினாரா? "வீட்டை எழுதி வாங்கக் கேஸ் போட்டவனோட உங்களுக்கென்னம்மா பேச்சு"ன்னு கேட்டது என் காதுலயும் விழுந்துச்சு.

டைப்பிஸ்ட்: கேட்டா கேட்டுட்டுப் போறார். இந்த வராந்தாவுல இருக்கறது ஒரே ஒரு பெஞ்சு. வாதி இங்க உட்கார்ந்தா பிரதிவாதி கூரை மேலயா போய் உட்கார முடியும்?

கண்ணாடிக்காரர்: அதானே... ஃப்ளாஸ்க் எங்க காணோம்?

டைப்பிஸ்ட்: அதானே பார்த்தேன், இன்னும் கேட்கலையேன்னு. இந்தாங்க. உங்களுதுல சர்க்கரை இல்லை. மூடி சுடும், பார்த்துப் பிடிங்க.

டவாலி: அட அட அட! என் சர்வீஸ்ல இப்படி ஒரு கேஸ் பார்த்ததில்லை. வீட்டை எழுதிக் கொடுன்னு இவர் கேஸ் போடுறார், அந்தம்மா இவருக்கு டீ ஊத்திக் கொடுக்குது!

கண்ணாடிக்காரர்: உமக்கும் வேணும்னா கேட்டு வாங்கிக் குடியும். எங்க நம்பர் எப்போ வரும்?

டவாலி: உங்களுக்கு முன்னால மூணு கேஸ். ஆனா இன்னிக்கு வாய்தா கிடையாது பெரியவரே. ஐயா காலைலயே சொல்லிட்டார். ஒன்பது வருஷக் கட்டு, தூக்கித் தூக்கி என் தோளே இறங்கிப் போச்சு. இன்னிக்கு முடிச்சு அனுப்பிடணுமாம்.

டைப்பிஸ்ட்: இன்னிக்கேவா?

டவாலி: இவர் கூண்டுல ஏறி ஒரு கேள்விக்குப் பதில் சொல்லணும். அவ்வளவுதான். அப்புறம் நீங்களும் இந்தப் பக்கம் அலைய வேண்டாம், நானும் தொண்டை கிழியக் கூப்பிட வேண்டாம். வர்றேன்.

டைப்பிஸ்ட்: டீ ஆறுது.

கண்ணாடிக்காரர்: ம். நல்லா இருக்கு.

டைப்பிஸ்ட்: வாயிலயே வைக்கலை, அதுக்குள்ள நல்லா இருக்காம். சரி, பதிலை ஒரு தடவை சொல்லிப் பாருங்க. போன தடவை மாதிரி கூண்டுல நின்னு முழிக்கக் கூடாது.

கண்ணாடிக்காரர்: எங்கயாவது பிரதிவாதி வாதிக்கு ஒத்திகை பார்ப்பாங்களா?

டைப்பிஸ்ட்: நான் பார்ப்பேன். இப்போ நான்தான் ஜட்ஜு. நிமிர்ந்து உட்காருங்க. "ஏங்க, இந்தம்மா தன் வீட்டை உங்களுக்கு விக்கிறதா ஒப்பந்தம் போட்டாங்க. பத்திரம் பதியப் போற நேரத்துல இவங்க தம்பி, அது எங்க அப்பா கட்டின வீடு, அக்காவுக்கு விக்க உரிமை இல்லைன்னு நோட்டீஸ் விட்டுட்டார். இவங்க கையில இருக்கறதோ அப்பா ஒரு வெள்ளைத் தாள்ல எழுதிக் கொடுத்தது. ஆக, வீடு இவங்களுதுதான்னு அடிச்சுச் சொல்ல யாராலயும் முடியலை. அந்தச் சந்தேகத்தோட சேர்த்து வீட்டை வாங்கிக்க இன்னிக்கும் தயாரா இருக்கீங்களா? இல்லை, கொடுத்த முன்பணத்தை வாங்கிட்டுப் போறீங்களா?"

கண்ணாடிக்காரர்: ஜட்ஜைவிட நீங்க நல்லா கேட்கறீங்க.

டைப்பிஸ்ட்: நாப்பது வருஷமா இந்த வாசல்ல உட்கார்ந்து மனு அடிக்கிறேன் சார். இது கூடவா வராது? பதில்?

கண்ணாடிக்காரர்: தயார்னு சொன்னா...

டைப்பிஸ்ட்: எழுதிக் கொடுக்கச் சொல்லி இன்னிக்கே தீர்ப்பு. நான் சாமானைக் கட்டணும்.

கண்ணாடிக்காரர்: இஷ்டமில்லைன்னு சொன்னா?

டைப்பிஸ்ட்: கேஸ் முடிஞ்சுது. வீடு என்கிட்டயே கிடக்கும்.

கண்ணாடிக்காரர்: அப்போ இஷ்டமில்லைன்னே சொல்லிடட்டுமா?

டைப்பிஸ்ட்: சும்மா இருங்க! ஒன்பது வருஷம் செருப்புத் தேய நடந்துட்டு... ஜட்ஜு இன்னொண்ணும் கேட்பார். "அந்தச் சந்தேகத்தைத் தீர்க்கிற மாதிரி வேற ஏதாவது ஆவணம் உங்க கைவசம் இருக்கா?" அதுக்கு என்ன சொல்வீங்க?

கண்ணாடிக்காரர்: இல்லைன்னு.

டைப்பிஸ்ட்: நல்லா யோசிச்சுச் சொல்லுங்க.

கண்ணாடிக்காரர்: யோசிக்க என்ன இருக்கு? இல்லை.

டைப்பிஸ்ட்: சரி.

கண்ணாடிக்காரர்: ஏன் முகம் ஒரு மாதிரி ஆயிடுச்சு?

டைப்பிஸ்ட்: ஒண்ணுமில்லை. கண்ணாடி மூக்குல அழுத்துது.

கண்ணாடிக்காரர்: கழட்டிக் கொடுங்க. திருகை லேசா விட்டா சரியாயிடும்... இந்த ஃப்ரேம் போட்டு ரெண்டு வருஷம் இருக்குமே.

டைப்பிஸ்ட்: இருக்கும். நீங்களா வலியக் கூப்பிட்டு மாத்திக் கொடுத்தது. "பவர் ஏறியிருக்கு, ரெண்டு நாள் கண்ணாடியைக் கடையில விட்டுட்டுப் போங்க, அதுவரைக்கும் டைப் அடிக்கப் போகாதீங்க, கண்ணு கெட்டுடும்"னு... ஞாபகம் இருக்கா?

கண்ணாடிக்காரர்: ம்... இல்லாம என்ன.

டைப்பிஸ்ட்: காசு கூட வாங்கிக்கலை.

கண்ணாடிக்காரர்: விடுங்க. பழகின மனுஷங்க... இப்போ போட்டுப் பாருங்க.

டைப்பிஸ்ட்: தேவலை.

கண்ணாடிக்காரர்: நிஜமாவே கேட்கறேன். வீடு கைவிட்டுப் போனா எங்க போவீங்க?

டைப்பிஸ்ட்: கோர்ட்டுக்குப் பின்னால தெருவுல ஒரு ரூம் பார்த்து வெச்சிருக்கேன். ஒரு கட்டில், ஒரு அடுப்பு. ஒரு ஆளுக்கு அதுவே ஜாஸ்தி. இப்போ மட்டும் என்ன வாழுது? மாடி ரூமைத் திறந்து எத்தனை மாசம் ஆச்சு தெரியுமா? கூடத்துல ஒரு நாற்காலி, நான், ஒரு ரேடியோ. செய்தி வாசிக்கிறவர் வணக்கம்னா நானும் வணக்கம்னு சொல்றேன்.

கண்ணாடிக்காரர்: ஹ... அவராவது சொல்றாரே. நான் என்ன பண்றேன் தெரியுமா? சிரிக்கக் கூடாது.

டைப்பிஸ்ட்: சொல்லுங்க.

கண்ணாடிக்காரர்: சாயங்காலம் ஷட்டரைப் பாதி இறக்கிட்டு, கண்ணு சோதிக்கிற நாற்காலியில போய் நானே உட்கார்ந்துக்கறேன். எதிர்ல எழுத்துப் பலகை. மேல பெரிய எழுத்துல ஆரம்பிச்சு கடைசி வரி வரைக்கும் சத்தமாப் படிக்கறேன்.

டைப்பிஸ்ட்: எதுக்கு?

கண்ணாடிக்காரர்: ஆள் வராத நாள்ல வாயே திறக்கறதில்லையா... தொண்டை அடைச்சுக்குது. அவ இருந்தப்போ அவளைத்தான் உட்கார வெச்சுப் படிக்கச் சொல்வேன். கடைசி வரி அவளுக்குத் தெரியாது. மனப்பாடம் பண்ணி வெச்சு ஒப்பிப்பா, திருடி.

டைப்பிஸ்ட்: வீடு பார்க்க வந்த அன்னிக்கு உங்க வீட்டுக்காரம்மா மாடி ஜன்னல்கிட்ட நின்னவங்க... நகரவே இல்லை.

கண்ணாடிக்காரர்: "இந்த வெளிச்சத்துல கண்ணாடி இல்லாமலே ஊசியில நூல் கோத்துடுவேன்"னு என்கிட்டயே சவால் விட்டா. கண்ணாடிக்காரன் பொண்டாட்டி பேச்சா இது? அந்த ஒரு வார்த்தைக்காகத்தான் ஒப்பந்தத்துல கையெழுத்துப் போட்டேன். கேஸு நாலாவது வருஷம் நடக்கறப்போ அவளே போய்ச் சேர்ந்துட்டா. இப்போ எனக்கு எதுக்கு மாடி ஜன்னல்?

டைப்பிஸ்ட்: அப்பவே கேஸை வாபஸ் வாங்கியிருக்கலாமே.

கண்ணாடிக்காரர்: வாங்கிட்டு... மாசத்துக்கு ஒரு தரம் சட்டையை இஸ்திரி போட்டுக்கிட்டு எங்க போறது? பேச்சுக்குச் சொன்னேன்.

டைப்பிஸ்ட்: தெரியும். நானும் முந்தின நாள் ராத்திரியே ஃப்ளாஸ்க்கைக் கழுவிக் கவிழ்த்து வெச்சுடறேன். பேச்சுக்குத்தான் சொல்றேன்.

டவாலி: ரெண்டு கேஸ் ஓடிப் போச்சு! வக்கீல் வரலைன்னு ஒண்ணு, வக்கீல் மட்டும் வந்தார்னு ஒண்ணு. உள்ள ஒரு கேஸ் நடக்குது, அடுத்தது நீங்கதான். எழுந்து எங்கயும் போயிடாதீங்க.

கண்ணாடிக்காரர்: நாங்க எங்கய்யா போகப் போறோம்.

டைப்பிஸ்ட்: அந்த டீயைக் குடிச்சுத் தொலைங்களேன்.

கண்ணாடிக்காரர்: குடிக்கிறேன், குடிக்கிறேன்... உங்க தம்பிகிட்ட இருந்து ஏதாவது...?

டைப்பிஸ்ட்: ஒன்பது வருஷமா இல்லாதது இன்னிக்கா வந்துடும்? வக்கீல் நோட்டீஸ் ஒண்ணு விட்டான். அதோட சரி. கேஸுக்குக் கூட வந்து நிக்கலை. வந்து சண்டை போட்டிருந்தாலாவது மூஞ்சியைப் பார்த்திருப்பேன்.

கண்ணாடிக்காரர்: விலை பேசறதுக்கு முன்னால அவர்கிட்ட ஒரு வார்த்தை சொல்லியிருக்கலாம் நீங்க.

டைப்பிஸ்ட்: அங்கதான் சார் எனக்குப் புத்தி கெட்டுப் போச்சு. அவன் ஊர்ல, அவன் வீட்டுக்கு ரெண்டு தெரு தள்ளி ஒரு சின்ன வீடு பார்த்து வெச்சிருந்தேன். இதை வித்துட்டு அங்க குடிபோய், ஒரு நாள் காலைல அவன் கதவைத் தட்டி, "டேய், அக்கா இனிமே உனக்குப் பக்கத்துத் தெருடா"ன்னு சொல்லணும்னு ஆசை. அதுக்காகத்தான் மூடி மூடி வெச்சேன். அதுக்குள்ள எவனோ போய், உங்க அக்கா உனக்குத் தெரியாம வீட்டை விக்குதுன்னு ஓதிட்டான்.

கண்ணாடிக்காரர்: அப்புறமாவது விளக்கிச் சொல்லலையா?

டைப்பிஸ்ட்: போனை எடுத்தாத்தானே? மூணு கடுதாசி போட்டேன். டைப் அடிச்சு இல்லை, கையால எழுதி. மூணும் பிரிக்காம அப்படியே திரும்பி வந்துச்சு.

கண்ணாடிக்காரர்: மூணுமா?

டைப்பிஸ்ட்: அம்மா போறப்போ அவனுக்கு ஆறு வயசு. எனக்குப் பதினேழு. சோறு ஊட்டினது, தலை வாரினது எல்லாம் நான்தான். பள்ளிக்கூடத்துல திசை கேட்டா கிழக்கை மேற்குன்னு சொல்லி அடி வாங்கிட்டு வருவான். தினம் காலைல வாசல்ல நிக்க வெச்சு, தோளைப் பிடிச்சுத் திருப்பி, "மூஞ்சில வெயில் அடிக்குது பாரு, அது கிழக்கு. நம்ம தெரு எந்தப் பக்கம்? கிழக்குப் பக்கம்"னு சொல்லிக் கொடுப்பேன். பெரியவனாகியும் அந்தத் தடுமாற்றம் அவனுக்குப் போகலை. பஸ் ஸ்டாண்டுல இறங்கினா எதிர்ப்பக்கம்தான் நடப்பான்.

கண்ணாடிக்காரர்: டைப்பிஸ்டம்மா... நான் ஒண்ணு சொன்னா கோவிச்சுக்க மாட்டீங்களே?

டைப்பிஸ்ட்: கேஸ் போட்டதுக்கே கோவிச்சுக்கலை.

கண்ணாடிக்காரர்: உங்க தம்பியை நான் பார்த்தேன். ரெண்டு வருஷம் முன்னால. விலாசம் தேடிப் போனேன். முதல் தடவை கதவையே திறக்கலை. ரெண்டாவது தடவை திட்டினார். மூணாவது தடவை, "வர்றேன், ஆனா அக்கா இருக்கற நாள்ல வர மாட்டேன்"னார். வந்தார். இங்கதான், இதே கோர்ட் வாசலுக்கு. மனு எழுதுறவர்கிட்ட சொல்லி ஒரு பத்திரம் தயார் பண்ணினோம். 'எனக்கு அந்த வீட்டுல எந்த உரிமையும் இல்லை, அது முழுக்க என் அக்காவுக்கே சொந்தம்'னு. நோட்டரி முன்னால கையெழுத்துப் போட்டுட்டு அடுத்த பஸ்ல போயிட்டார். ஒரு பைசா கேட்கலை.

டைப்பிஸ்ட்: அக்கா இருக்கற நாள்ல வர மாட்டேன்னானா...

கண்ணாடிக்காரர்: அதுக்காகத்தான் உங்க கண்ணாடியை... கால் பாயிண்ட் ஏறியிருந்தது நிஜம். ரெண்டு நாள் கடையில விடணும்னு சொன்னது பொய். கண்ணாடி இல்லைன்னா நீங்க டைப் அடிக்க வர மாட்டீங்கன்னு நினைச்சேன். தப்புத்தான்.

டைப்பிஸ்ட்: என்னைப் பத்தி ஒண்ணும் கேட்கலையா?

கண்ணாடிக்காரர்: ஒண்ணே ஒண்ணு. "அக்கா இன்னும் வாசல் லைட்டை எரியவிட்டுட்டுத்தான் தூங்குதா?"ன்னு.

டைப்பிஸ்ட்: நீங்க என்ன சொன்னீங்க?

கண்ணாடிக்காரர்: எனக்கென்ன தெரியும்? ஆமான்னு சொல்லி வெச்சேன்.

டைப்பிஸ்ட்: எரியுது. நேத்தும் எரிஞ்சுது.

கண்ணாடிக்காரர்: ஒரு எட்டுப் போய்ப் பார்த்துட்டுப் போங்கன்னேன். "எந்த மூஞ்சியை வெச்சுக்கிட்டு"ன்னார். அதுக்கு மேல நான் வற்புறுத்தலை. ஆள் நரைச்சுட்டார்.

டைப்பிஸ்ட்: காதோரம் மட்டும்தான்.

கண்ணாடிக்காரர்: என்ன?

டைப்பிஸ்ட்: இல்லை... எங்க அப்பாவுக்கும் முதல்ல காதோரம்தான் நரைச்சுது. அதைச் சொன்னேன். அந்தப் பத்திரம் இப்போ எங்க இருக்கு?

கண்ணாடிக்காரர்: இதோ, இந்தக் கண்ணாடிக் கூட்டுக்குள்ள. துணிக்கு அடியில. அன்னிக்கு மடிச்சு வெச்சவன் இன்னும் பிரிக்கலை. என் வக்கீலுக்கே தெரியாது.

டைப்பிஸ்ட்: ஏன் சார் கொடுக்கலை? ரெண்டு வருஷம்! இருபத்து மூணு வாய்தா! ஒவ்வொரு தடவையும் நீங்க பையில கை விடுறப்போ இன்னிக்காவது...

கண்ணாடிக்காரர்: இன்னிக்காவது என்ன?

டைப்பிஸ்ட்: ஒண்ணுமில்லை. சொல்லுங்க, ஏன் கொடுக்கலை?

கண்ணாடிக்காரர்: கொடுக்கத்தான் வாங்கினேன். வீட்டுக்குப் போய் உட்கார்ந்து யோசிச்சா... இதைக் கொடுத்தா சந்தேகமெல்லாம் தீர்ந்துது, அடுத்த வாய்தாவுலயே தீர்ப்பு எனக்கு. உங்களை வெளியே அனுப்பிட்டு அந்த வீட்டுல நான் ஒருத்தன் என்ன பண்றது? எந்த ஜன்னல்ல யாரைப் போய் உட்கார வைக்கறது? அதுவும் இல்லாம... அப்புறம் இந்தப் பெஞ்சு கிடையாது, டீ கிடையாது. சுயநலம்தான், மறைக்கலை. உள்ள வெச்சு மூடிட்டேன்.

டைப்பிஸ்ட்: நல்லா மூடினீங்க போங்க.

கண்ணாடிக்காரர்: இன்னிக்கு ஒரு முடிவோட வந்திருக்கேன். கூண்டுல ஏறி இஷ்டமில்லைன்னு சொல்லிடப் போறேன். வீடு உங்களுதுதான். இந்தப் பத்திரத்தையும் நீங்களே வெச்சுக்கோங்க. இனிமே எவனும் வந்து உங்களை உரிமை இருக்கா, இல்லையான்னு கேட்க முடியாது. இந்தாங்க.

டைப்பிஸ்ட்: எனக்கு வேண்டாம். கோர்ட்ல கொடுங்க.

கண்ணாடிக்காரர்: கொடுத்தா வீடு போயிடும்மா!

டைப்பிஸ்ட்: போகட்டும்.

கண்ணாடிக்காரர்: என்ன பேசறீங்க நீங்க?

டைப்பிஸ்ட்: கொடுங்கன்னா கொடுங்க. தயார்னு சொல்லிட்டு, இதையும் நீட்டுங்க. ஜட்ஜு வாங்கிப் படிப்பார். எல்லை தப்பா இருக்கே, இப்படியே ஏத்துக்க முடியாதும்பார். எழுதிக் கொடுத்தவரே நேர்ல வந்து திருத்தி, மறுபடி கையெழுத்துப் போடணும்பார். அவனுக்குச் சம்மன் போகும். கடுதாசி மாதிரி அதைப் பிரிக்காம திருப்பி அனுப்ப முடியாது. வந்தே ஆகணும். வந்தா, கூப்பிடுற வரைக்கும் எங்க உட்காருவான்? இருக்கறது இந்த ஒரு பெஞ்சு...

டவாலி: வாதி! பிரதிவாதி! வாங்க வாங்க, ஐயா கட்டைப் பிரிச்சாச்சு!

கண்ணாடிக்காரர்: இருய்யா, ஒரு நிமிஷம்! டைப்பிஸ்டம்மா, எல்லை தப்புன்னு யார் சொன்னது? நான் இன்னும் பிரிக்கவே இல்லையே... 'வீட்டுக்கு வடக்கே மதில்... தெற்கே சந்து... மேற்கே தெரு...' தெரு மேற்கேயா? கிழக்கேல்ல இருக்கு! ஊருக்கெல்லாம் கண்ணு பார்க்கறவன், ரெண்டு வருஷமா என் கண்ணுல படலையே! எந்தக் குருட்டு டைப்பிஸ்ட் அடிச்சான் இதை?

டவாலி: பெரியவரே, ஐயா காத்திருக்கார்!

டைப்பிஸ்ட்: கண்ணு நல்லாத்தான் தெரிஞ்சுது சார். வீட்டுல தனியா உட்கார முடியாம, பழைய கண்ணாடியை மாட்டிக்கிட்டு அன்னிக்கும் வேலைக்கு வந்துட்டேன். மனு எழுதுறவர் இதைக் கொண்டு வந்து என் மேசையிலதான் வெச்சார். நிமிர்ந்து பார்த்தா ஜெராக்ஸ் கடை ஓரமா அவன் நிக்கிறான்... கூப்பிட வாய் வரலை, மிஷினுக்குப் பின்னால குனிஞ்சுட்டேன். படிச்சுப் பார்த்துட்டு, "எங்க வீட்டுத் தெரு கிழக்கே, யாரு இதை அடிச்சது?"ன்னு கேட்டுக்கிட்டு என் மேசைக்கு வருவான்னு வேணும்னேதான் மாத்தி அடிச்சேன். பேசாம கையெழுத்துப் போட்டுட்டுப் போயிட்டான். படிக்காமலே போட்டானா, இல்லை படிச்சும் இன்னும் திசை தெரியாமத் தடுமாறுறானான்னு... அதை மட்டும் அவனை நேர்ல கேட்கணும் சார்.